டாட்நெட் பதிப்பைக் கேட்கும் கட்டளைகள்: எது கேட்டதற்குப் பதில் சொல்கிறது?

ஒரு கணினியில் டாட்நெட் (மைக்ரோசாஃப்ட்டின் மென்பொருள் தளம்; அதில் எழுதிய மென்பொருள்கள் ஓடப் பெரும்பாலும் இது வேண்டும்) இருக்கிறதா, இருந்தால் எந்தப் பதிப்பு என்று தெரிந்துகொள்ள, டெர்மினலைத் திறந்து ஒரு வரி தட்டினால் போதும் என்பார்கள். போதும்தான். எந்த வரி என்று தெரியாமல்தான் பாதி நாள் போய்விடுகிறது. மென்பொருள்களை மற்றவர்களின் கணினிகளில் நிறுவித் தரும் வேலையில் பல வருஷமாக இருக்கிறேன், பெரும்பாலும் விண்டோஸ், நடுநடுவே லினக்ஸ் சர்வர்களும் உண்டு, அதனால் 'டாட்நெட் --வெர்ஷன்', 'டாட்நெட் --இன்ஃபோ', 'டாட்நெட் --லிஸ்ட்-ரன்டைம்ஸ்', பழைய ஃப்ரேம்வொர்க்குக்கு ரெஜிஸ்ட்ரி (விண்டோஸ் தன் அமைப்புகளைச் சேமித்து வைக்கும் இடம்) என்று இந்த நான்கையும் அநேகமாகத் தினமும் தொடுகிறேன். இவற்றைப் பற்றி ஒழுங்காக ஒரு விமர்சனம் எழுத வேண்டும் என்று ரொம்ப நாளாக எண்ணம். கட்டளைகளை இங்கே ஒலிப்புப்படி எழுதியிருக்கிறேன்; தட்டும்போது எல்லாம் ஆங்கிலச் சிறிய எழுத்து, நடுவில் வரும் கோடுகளை அப்படியே போட வேண்டும்.

முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். '--லிஸ்ட்-ரன்டைம்ஸ்' நான் பயன்படுத்தியதிலேயே நம்பகமான கட்டளை, ஒரே ஒரு இடத்தில் மட்டும் கவனம் வேண்டும். '--இன்ஃபோ' நல்லது, ஆனால் அவசரத்துக்கு நீளம். '--வெர்ஷன்' தன் பெயராலேயே ஆளைத் தவறான பக்கம் அனுப்புகிறது. பழைய டாட்நெட் ஃப்ரேம்வொர்க்குக்கு என்று ஒரு கட்டளையே இல்லாமல் ரெஜிஸ்ட்ரியைத் தோண்ட விட்டிருப்பது, 2002-இல் முதல் பதிப்பு வந்த ஒரு பொருளில் இன்றுவரை தீராத குறை.

சரி, ஒவ்வொன்றாக வருகிறேன்.

'டாட்நெட் --வெர்ஷன்' என்று கேட்டால் வருவது எஸ்டிகேயின் பதிப்பு. அதாவது மென்பொருள் எழுதுபவர் வைத்திருக்கும் கருவிப்பெட்டியின் பதிப்பு. மென்பொருளை ஓட்டுகிற ரன்டைமின் பதிப்பு அதில் வராது. இரண்டும் முதல் இரண்டு எண்களில் ஒத்துப்போகும், மூன்றாவதில் பிரிந்துவிடும், குழப்பம் அங்கேதான் ஆரம்பிக்கிறது. 2024 நவம்பரில் வந்த திருத்தத்தை எடுத்துக்கொள்ளுங்கள்: ரன்டைம் 8.0.11. அதே நாளில் அதே ரன்டைமோடு வந்த எஸ்டிகேக்களில் இரண்டு, 8.0.404, 8.0.111. மூன்றாவது எண்ணில் முதல் இலக்கம் எஸ்டிகேயின் வரிசையைக் குறிக்கிறது, பின்னால் வரும் இரண்டு இலக்கம் அந்த வரிசையில் எத்தனையாவது திருத்தம் என்பது. இது தெரியாத ஒருவரிடம் "8.0.11-க்குக் குறையாமல் இருக்க வேண்டும்" என்று சொல்லிவிட்டு '--வெர்ஷன்' தட்டச் சொன்னால், திரையில் 8.0.404 வருகிறது, 404 பெரிய எண்தானே என்று அவர் நிம்மதியாகிவிடுவார். அந்த முறை நிம்மதி சரிதான். 8.0.303 வந்திருந்தாலும் அவர் அதே நிம்மதியோடுதான் போயிருப்பார், ஆனால் அது பல மாதம் பழைய ரன்டைமோடு வந்தது.

இதைவிடக் கஷ்டம், எஸ்டிகே இல்லாத கணினியில் இதே கட்டளையைத் தட்டுவது. சர்வர்களில் வழக்கமாக ரன்டைம் மட்டும்தான் போடுவோம், போட வேண்டியதும் அதுதான். அங்கே 'டாட்நெட் --வெர்ஷன்' தட்டினால், கட்டளையை ஏற்ற முடியவில்லை என்று ஆரம்பித்து, '--வெர்ஷன்' என்ற மென்பொருள் இல்லை, எஸ்டிகே எதுவும் கிடைக்கவில்லை என்று நான்கைந்து வரி வரும், கூடவே பதிவிறக்கச் சொல்லி ஒரு முகவரி. தொலைபேசியில் எதிர்முனையில் இருந்தவர் இந்தச் செய்தியைப் படித்துவிட்டு "டாட்நெட்டே இல்லையாம் சார்" என்று என்னிடம் சொல்லியிருக்கிறார். நானும் அதை நம்பி மறுபடி நிறுவச் சொன்னேன். ஏற்கெனவே நன்றாக ஓடிக்கொண்டிருந்த ரன்டைமின் மேல் இன்னொரு முறை அதையே போட்டோம், மறுபடி அதே செய்தி. ஒரு மதியம் முழுக்க அப்படிப் போனது. ஒரே ஒரு வரி, "ரன்டைம் இருக்கிறது, எஸ்டிகேதான் இல்லை, ரன்டைம்களைப் பார்க்க இந்தக் கட்டளை" என்று அந்தச் செய்தியில் முதலில் இருந்திருந்தால் எத்தனையோ பேருக்கு எத்தனையோ மதியங்கள் மிச்சமாகியிருக்கும். இதை நான் உண்மையான வருத்தத்தோடு எழுதுகிறேன்.

இன்னொன்றும் உண்டு. ஒரே கணினியில் இந்தக் கட்டளை ஃபோல்டருக்கு ஃபோல்டர் வேறு பதில் சொல்லும். நீங்கள் நிற்கும் ஃபோல்டரிலோ அதற்கு மேலே உள்ள எந்த ஃபோல்டரிலோ 'குளோபல்.ஜேசன்' என்ற கோப்பு இருந்தால், அதில் குறிப்பிட்ட எஸ்டிகேயைத்தான் எடுக்கும். புராஜெக்ட் ஃபோல்டரில் ஒரு எண், டெஸ்க்டாப்பில் இன்னொரு எண். எழுதுபவர்களுக்கு இது வரம். குழுவில் எல்லோரும் ஒரே எஸ்டிகேயில் தொகுக்கலாம். கேட்ட எஸ்டிகே கணினியில் இல்லையென்றால், எந்தக் கோப்பு அதைக் கேட்டது என்று முழுப் பாதையோடு சொல்கிறது, அதையும் பாராட்ட வேண்டும். ஆனால் நிறுவுகிறவர் இந்தக் கட்டளையை நம்பக் கூடாது என்பதற்கு இது இன்னொரு காரணம்.

இப்போது எனக்குப் பிடித்ததற்கு வருகிறேன். 'டாட்நெட் --லிஸ்ட்-ரன்டைம்ஸ்'. 2018-இல் டாட்நெட் கோர் 2.1-ஓடு வந்தது. அதற்கு முன்னால் 'ஷேர்ட்' என்ற ஃபோல்டருக்குள் போய் உள்ளே என்னென்ன ஃபோல்டர் இருக்கிறது என்று கண்ணால் பார்ப்போம். இந்தக் கட்டளைக்கு எஸ்டிகே தேவையில்லை, இணையம் தேவையில்லை, அட்மின் உரிமை தேவையில்லை. கண்ணிமைக்கும் நேரத்தில் பதில். ஒவ்வொரு வரியிலும் மூன்று விஷயம்: ரன்டைமின் பெயர், பதிப்பு, சதுர அடைப்புக்குள் அது எங்கே இருக்கிறது என்ற பாதை. வேறு அலங்காரம் ஒன்றும் கிடையாது, அதனால் ஸ்க்ரிப்டில் வைத்து ஒரு சொல்லைத் தேடுவதும் சுலபம்.

அந்தப் பெயரைத்தான் பலரும் கவனிக்காமல் விடுகிறார்கள். விண்டோஸில் மூன்று பெயர் வரலாம். 'மைக்ரோசாஃப்ட்.நெட்கோர்.ஆப்' அடிப்படை. 'மைக்ரோசாஃப்ட்.ஏஎஸ்பிநெட்கோர்.ஆப்' வலைச் சேவைகளுக்கு. 'மைக்ரோசாஃப்ட்.விண்டோஸ்டெஸ்க்டாப்.ஆப்' ஜன்னல், பொத்தான் எல்லாம் வைத்த டெஸ்க்டாப் மென்பொருளுக்கு. முதலாவது இருப்பதாலேயே மற்ற இரண்டும் இருக்கும் என்று நினைத்துவிடக் கூடாது. பட்டியலில் 8.0 என்று ஏதோ ஒரு வரி இருக்கிறது, போதும் என்று மூடிவிட்டு, அப்புறம் டெஸ்க்டாப் மென்பொருள் திறக்க மறுக்கிறதே என்று திரும்ப வருபவர்கள் நிறைய. எது வேண்டும் என்பதை மென்பொருளே எழுதி வைத்திருக்கிறது: அதன் ஃபோல்டரில் 'ரன்டைம்கான்ஃபிக்.ஜேசன்' என்று முடியும் ஒரு சிறிய கோப்பு இருக்கும், நோட்பேடில் திறந்தால் ரன்டைமின் பெயரும் குறைந்தபட்சப் பதிப்பும் தெரியும். அதை ஒரு பக்கம் வைத்துக்கொண்டு கட்டளையின் பதிலை இன்னொரு பக்கம் வைத்து ஒப்பிட்டால் சந்தேகத்துக்கே இடமில்லை. நான் ஒவ்வொரு முறையும் இதைச் செய்கிறேன், இரண்டு நிமிஷம்கூட ஆகாது.

ஒப்பிடும்போது ஒரு விதியை மனதில் வைக்க வேண்டும், என்னைக் கேட்டால் இந்த முழு விஷயத்திலும் மிக முக்கியமானது இதுதான். 6.0-க்காக எழுதிய மென்பொருள் 8.0 மட்டும் இருக்கும் கணினியில் தானாக ஓடாது. எழுதியவர் வேறு மாதிரி அமைத்திருந்தால் ஒழிய, முதல் எண் பொருந்தியே ஆக வேண்டும், 6.0.1 கேட்டதற்கு 6.0.36 இருந்தால் எடுத்துக்கொள்ளும், 8.0-க்குத் தாவாது. பழைய ஃப்ரேம்வொர்க்கில் பழகியவர்களுக்கு இது உறைக்கவே நாளாகிறது, ஏனென்றால் அங்கே விதி நேர் எதிர். 4.5 கேட்ட மென்பொருளுக்கு 4.8 இருந்தால் போதும், 4.5-ஐத் தேடக்கூட வேண்டாம், 4.8 அதன் இடத்தில்தான் உட்கார்ந்திருக்கிறது. 2012-இல் வந்த 4.5 முதல் ஒவ்வொன்றும் முந்தையதன் மேலேயே எழுதிக்கொண்டு வந்தது. 2016-இல் தொடங்கிய டாட்நெட் கோர் குடும்பத்தில் ஒவ்வொரு பதிப்பும் பக்கத்துப் பக்கத்தில் தனித்தனியாகக் குடியிருக்கும். பெயரும் குழப்பத்துக்குத் துணை போகிறது: 2020-இல் 'கோர்' என்ற சொல்லை எடுத்துவிட்டு, 4-ஐத் தாண்டி நேராக 5 என்று வைத்தார்கள், பழைய 4.x-ஓடு குழம்பக் கூடாது என்றுதான். எண்ணம் நல்லதுதான், ஆனாலும் ஒருவர் "டாட்நெட் 4.8 இருக்கிறது, 5-க்கு அப்டேட் பண்ணிவிடவா" என்று கேட்கும்போது, இரண்டும் வேறு வேறு பொருள் என்று முதலிலிருந்து விளக்க வேண்டியிருக்கிறது.

இந்தக் கட்டளையில் கவனம் வேண்டிய இடம் என்றேனே, அது இதுதான்: எந்த 'டாட்நெட்'டை நீங்கள் கூப்பிட்டீர்களோ, அது தன் வீட்டில் இருப்பதை மட்டும்தான் பட்டியலிடும். 64-பிட் விண்டோஸில் 64-பிட் டாட்நெட் 'ப்ரோகிராம் ஃபைல்ஸ்' ஃபோல்டரிலும், 32-பிட் டாட்நெட் எக்ஸ்86 என்று அடைப்புக்குறி போட்ட இன்னொரு 'ப்ரோகிராம் ஃபைல்ஸ்' ஃபோல்டரிலும் இருக்கும். பாத் (கட்டளையைக் கணினி தேடும் ஃபோல்டர்களின் பட்டியல்) வரிசையில் எது முதலில் இருக்கிறதோ அதுதான் பதில் சொல்லும். என்னிடம் வந்த ஒரு கணினியில் எஸ்டிகே மூன்று இருந்தது, '--வெர்ஷன்' கட்டளையோ எஸ்டிகே ஒன்றுமே இல்லை என்று சாதித்தது. யாரோ 32-பிட் ரன்டைமைப் போட்டிருக்கிறார்கள், அது பாத்தில் முன்னால் போய் உட்கார்ந்துகொண்டது. கமாண்ட் ப்ராம்ப்ட்டில் 'வேர் டாட்நெட்' என்று தட்டினால் எத்தனை இருக்கிறது, எது முதலில் என்று வரிசையாகக் காட்டிவிடும். பவர்ஷெல்லில் அதையே தட்டினால் ஒன்றும் வராது, அங்கே 'வேர்' என்பது வேறு கட்டளையின் செல்லப் பெயர், 'வேர்.இஎக்ஸ்இ' என்று முழுதாகத் தட்ட வேண்டும். இதை ஒருவர் எனக்குச் சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும், அதனால்தான் இங்கே எழுதுகிறேன். 32-பிட் மென்பொருளுக்கு 32-பிட் ரன்டைம்தான் வேண்டும், 64-பிட் பட்டியலைப் பார்த்து முடிவு செய்தால் தப்பாகிவிடும். அந்த இன்னொரு ஃபோல்டருக்குள் இருக்கும் 'டாட்நெட்.இஎக்ஸ்இ'யை முழுப் பாதையோடு கூப்பிட்டு அதே கேள்வியைக் கேளுங்கள்.

லினக்ஸில் இதே கதை வேறு உடையில் வருகிறது. உபுண்டுவின் சொந்தக் களஞ்சியத்திலிருந்து நிறுவினால் 'யுஎஸ்ஆர்' அடியில் 'லிப்' ஃபோல்டருக்குப் போகும், மைக்ரோசாஃப்ட் களஞ்சியத்திலிருந்து நிறுவினால் 'ஷேர்' ஃபோல்டருக்குப் போகும். ஒன்றை இங்கிருந்தும் இன்னொன்றை அங்கிருந்தும் போட்டால், நிறுவியது கண்முன்னே வட்டில் இருக்கும், கட்டளை இல்லை என்று சொல்லும். சதுர அடைப்புக்குள் பாதையை அச்சிடுகிறது என்று மேலே பாராட்டினேனே, அதன் அருமை இங்கே புரியும். ஸ்க்ரிப்ட் வைத்துப் பயனரின் சொந்த ஃபோல்டரில் நிறுவியதும், மென்பொருள் தன்னுடனேயே சுமந்துகொண்டு வரும் ரன்டைமும் இந்தப் பட்டியலில் வராது. பின்னது சிக்கல் இல்லை, அப்படிப்பட்ட மென்பொருளுக்குக் கணினியில் எதுவுமே தேவையில்லை. ஆனால் பாதுகாப்புத் திருத்தம் எங்கெல்லாம் போட வேண்டும் என்று கணக்கெடுப்பவர்கள் அதையும் நினைவில் வைக்க வேண்டும், ஏனென்றால் கணினியின் ரன்டைமைப் புதுப்பித்தால் அந்த மென்பொருள் சுமக்கும் ரன்டைம் மாறாது.

'டாட்நெட் --இன்ஃபோ' பற்றி நிறையச் சொல்ல வேண்டியதில்லை. எஸ்டிகே பட்டியல், ரன்டைம் பட்டியல், இயங்குதளம், பிட் வகை, எந்த 'குளோபல்.ஜேசன்' பிடித்திருக்கிறது என்று எல்லாம் ஒரே மூச்சில் வரும். புதிய பதிப்புகளில் வேறு பிட் வகை டாட்நெட் அதே கணினியில் இருந்தால் அதையும் ஒரு வரியில் காட்டுகிறது, நான் மேலே சொன்ன 32-பிட் சிக்கலுக்கு இது பெரிய உதவி. தூரத்தில் இருப்பவரிடம் கேட்க ஏற்றது இதுதான்: "இதைத் தட்டி, வருவதை முழுசாக காப்பி பண்ணி அனுப்புங்கள்." ஸ்க்ரீன்ஷாட்டாக வேண்டாம் என்று சேர்த்துச் சொல்லுங்கள், பாதிதான் தெரியும்.

இந்த மூன்றுமே பழைய டாட்நெட் ஃப்ரேம்வொர்க்கைப் பற்றி ஒரு வார்த்தைகூடச் சொல்லாது. அது விண்டோஸின் ஒரு பகுதியாகவே வருகிறது, 4.8 2019-இல் வந்தது, 4.8.1 2022-இல், எத்தனையோ அலுவலக மென்பொருள்கள் இன்னும் அதில்தான் ஓடுகின்றன. அதன் பதிப்பைப் பார்க்க ரெஜிஸ்ட்ரியில் எச்கேஎல்எம், சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், நெட் ஃப்ரேம்வொர்க் செட்டப், என்டிபி, வி4, ஃபுல் என்று ஏழு படி இறங்கி, அங்கே 'ரிலீஸ்' என்ற மதிப்பைப் படிக்க வேண்டும். கமாண்ட் ப்ராம்ப்ட்டில் 'ரெஜ் க்வெரி' என்று தொடங்கி, முழுப் பாதையை மேற்கோள் குறிக்குள் போட்டு, கடைசியில் சாய்கோடு வி, ரிலீஸ். பதிலாக வருவது ஒரு எண். 378389 என்றால் 4.5. 394802 என்றால் 4.6.2. 461808 என்றால் 4.7.2. 528040 என்றால் 4.8. 533320 என்றால் 4.8.1. அதிலும் விண்டோஸ் பதிப்பைப் பொறுத்து எண் கொஞ்சம் மாறும், 4.8 என்பதே 528040, 528372, 528449, 528049 என்று நான்கு விதமாக வரும். அதனால் சமமா என்று பார்க்கக் கூடாது, அதற்குச் சமமோ அதிகமோ என்றுதான் பார்க்க வேண்டும். 461808-ஐத் தொட்டுவிட்டால் குறைந்தது 4.7.2 இருக்கிறது, அவ்வளவுதான். 'ரிலீஸ்' என்ற மதிப்பே இல்லையென்றால் 4.5-க்கு முந்தியது.

விதி எளிது, ஆனால் ஒரு இடத்தில் காலை வாரிவிடும். 'ரெஜ் க்வெரி' இந்த எண்ணைப் பதினாறடிமானத்தில் (ஹெக்ஸ்) காட்டுகிறது. பெரும்பாலும் நடுவில் எழுத்துக்கள் வருவதால் உடனே தெரிந்துவிடும், மாற்றிப் பார்த்துக்கொள்ளலாம். விண்டோஸ் 11-இல் 4.8.1 இருக்கும் கணினியைப் பாருங்கள்: 533320 பதினாறடிமானத்தில் 82348. ஒரு எழுத்தும் கிடையாது, எல்லாம் இலக்கம். முன்னால் இருக்கும் பூஜ்யத்தையும் எக்ஸையும் கவனிக்காமல், 82348 என்பது 528040-ஐ விடச் சின்னது, அதனால் 4.8 இல்லை என்று முடிவு கட்டிவிட்டு, இருப்பதிலேயே புதிய பதிப்பு உள்ள கணினியில் 4.8-ஐ நிறுவ முயன்றிருக்கிறேன். நிறுவி மறுத்துவிட்டது, ஏன் மறுக்கிறது என்று தேடியபோதுதான் புரிந்தது. அன்றிலிருந்து இதற்கு 'ரெஜ் க்வெரி'யைத் தொடுவதில்லை. பவர்ஷெல்லில் அடைப்பைத் திறந்து 'கெட்-ஐட்டம்ப்ராப்பர்ட்டி' போட்டு, பாதையைக் கொடுத்து, அடைப்பை மூடி, புள்ளி வைத்து 'ரிலீஸ்' என்று கேட்டால் நேரான பதின்ம எண்ணாகவே வருகிறது. அதன் பின்னால் '-ஜிஇ' (சமமோ அதிகமோ) போட்டு 528040 என்று சேர்த்தால் ட்ரூ அல்லது ஃபால்ஸ். நூறு கணினியானாலும் ஸ்க்ரிப்டில் இந்த ஒரு வரி போதும். ரெஜிஸ்ட்ரி வழிக்கு நான் மதிப்பெண் கொடுப்பது இந்த வடிவத்துக்குத்தான்.

இந்த வழி தெரியாதபோது ஆட்கள் பிடிக்கும் குறுக்கு வழிகள் எல்லாம் தவறாகவே முடிகின்றன. விண்டோஸ் ஃபோல்டருக்குள் போய் ஃப்ரேம்வொர்க் ஃபோல்டரில் 'வி4.0.30319' என்று பார்த்துவிட்டு "4.0தான் இருக்கிறது" என்பார்கள்; 4.0-இலிருந்து 4.8.1 வரை எல்லாவற்றுக்கும் அந்த ஃபோல்டரின் பெயர் அதுவேதான். விண்டோஸ் பவர்ஷெல் 5.1-இல் 'பிஎஸ்வெர்ஷன்டேபிள்' தட்டினால் 'சிஎல்ஆர்வெர்ஷன்' என்ற வரியில் 4.0.30319.42000 வரும், அது உள்ளே இருக்கும் எஞ்சினின் எண், 4.6-க்கும் 4.8-க்கும் அதுவேதான். விஷுவல் ஸ்டுடியோவோடு வரும் 'சிஎல்ஆர்வெர்' கருவியும் எஞ்சினைத்தான் சொல்லும். பவர்ஷெல் 7-இல் ஃப்ரேம்வொர்க் பெயரைக் கேட்டால், அது தான் ஓடும் சொந்த டாட்நெட்டைச் சொல்கிறது, கணினியில் நிறுவியதை அல்ல.

'டபிள்யூஎம்ஐசி ப்ராடக்ட்' என்று தொடங்கும் கட்டளையைத் தயவுசெய்து தட்டாதீர்கள். பட்டியல் கேட்பது போலத்தான் இருக்கும், ஆனால் நிறுவியிருக்கும் ஒவ்வொரு எம்எஸ்ஐ (விண்டோஸ் நிறுவி) தொகுப்பையும் அது சரிபார்க்க ஆரம்பிக்கும், தேவையென்று நினைத்தால் பழுதுபார்க்கவும் ஆரம்பிக்கும். வேலை நேரத்தில் ஒரு சர்வரில் செய்யக் கூடிய காரியமே இல்லை. விண்டோஸோடு வந்த ஃப்ரேம்வொர்க் அந்தப் பட்டியலில் வருவதும் கிடையாது. மைக்ரோசாஃப்ட்டே அந்தக் கருவியைக் கைவிட்டுவிட்டது.

3.5 தனி. 2.0, 3.0, 3.5 மூன்றும் ஒரே எஞ்சினில் ஓடுபவை, 4.8 இருந்தாலும் 3.5-க்கு எழுதிய பழைய மென்பொருள் பெரும்பாலும் 3.5-ஐத்தான் கேட்கும். விண்டோஸ் 10, 11-இல் அது அணைத்து வைக்கப்பட்ட ஒரு வசதியாக இருக்கும். ரெஜிஸ்ட்ரியில் அதே என்டிபிக்கு அடியில் 'வி3.5' ஃபோல்டரில் 'இன்ஸ்டால்' மதிப்பு 1 என்று இருந்தால் போட்டிருக்கிறது. இதற்கு 2029 ஜனவரி வரை ஆதரவு உண்டு, அதனால் இதைச் சீக்கிரம் மறந்துவிட முடியாது.

மற்ற மொழிகளின் கருவிகளோடு ஒப்பிட்டால் டாட்நெட் ஒன்றும் மோசம் இல்லை. ஜாவா 8 தன்னை 1.8 என்று சொல்லிக்கொள்ளும்; ஒற்றைக் கோடு போட்டு '-வெர்ஷன்' என்று கேட்டால் பதிலைப் பிழைகள் போகும் வழியில் அனுப்பும், கோப்பில் சேமித்தால் கோப்பு காலி. 9-ஆம் பதிப்பில் இரட்டைக் கோடு வடிவம் வந்த பிறகுதான் அது நேராயிற்று. பிஹெச்பியில் கட்டளை வரி சொல்லும் பதிப்பும் வலைச் சர்வர் பயன்படுத்தும் பதிப்பும் வேறாக இருக்கலாம். இருப்பவை எல்லாவற்றையும், எங்கே இருக்கின்றன என்பதோடு, பெயர் பிரித்துச் சொல்லும் கட்டளை என்று பார்த்தால் '--லிஸ்ட்-ரன்டைம்ஸ்' இவற்றைவிட ஒரு படி மேல்தான். 6-ஆம் பதிப்பில் சேர்த்த 'டாட்நெட் எஸ்டிகே செக்' கூட நன்றாக இருக்கிறது, ஒவ்வொன்றும் புதிதா, திருத்தம் வந்திருக்கிறதா, ஆதரவு முடிந்துவிட்டதா என்று பக்கத்திலேயே எழுதிக் காட்டும். எஸ்டிகேயும் இணையமும் வேண்டும் என்பதால் சர்வர்களில் எனக்கு உதவுவதில்லை. ரன்டைம் மட்டும் உள்ள கணினிக்கும் இதை நீட்டித்தால் மனதார நன்றி சொல்வேன், ஏனென்றால் 2024 நவம்பரில் ஆதரவு முடிந்த 6.0 இன்னமும் எத்தனையோ சர்வர்களில் யாரும் கவனிக்காமல் ஓடிக்கொண்டிருக்கிறது.

இப்போது நான் வாடிக்கையாளர்களுக்கு அனுப்பும் நிறுவல் தாளில், மென்பொருளை இறக்கும் படிக்கு முன்னால், மூன்றே வரி வைத்திருக்கிறேன்: 'வேர்.இஎக்ஸ்இ டாட்நெட்', 'டாட்நெட் --லிஸ்ட்-ரன்டைம்ஸ்', அப்புறம் 'ரிலீஸ்' எண்ணைக் கேட்கும் அந்தப் பவர்ஷெல் வரி. மூன்றையும் பவர்ஷெல்லில் தட்டி, வருவதை எழுத்தாக காப்பி செய்து அனுப்பச் சொல்கிறேன். '--வெர்ஷன்' அந்தத் தாளில் இல்லை. யாராவது அதைத் தட்டி எண்ணை அனுப்பினால், மறுபடி இந்த மூன்றையும் கேட்டு வாங்கிய பிறகுதான் அடுத்த வேலை.